ராகி ரொட்டிக்குள் ஜிலேபி மீன்: வேலை நாள் மதியத்துக்கு ஒரு சாப்பாடு

களியும் மீன் குழம்பும் தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கம் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு. களி கிண்டக் கையில் வலு வேண்டும், குழம்பு சுண்டி எண்ணெய் மேலே மிதக்க நேரம் வேண்டும், சாப்பிட்டு முடித்ததும் ஒரு தூக்கம் வேண்டும். செவ்வாயும் புதனும் இந்த மூன்றுக்கும் இடம் கொடுக்காது. அதே ராகி மாவு, அதே அணை மீன், அதே புளியை வைத்துக்கொண்டு முறையை மட்டும் மாற்றினால் முக்கால் மணி நேரத்துக்குள் தட்டுக்கு வரும் ஒரு சாப்பாடு உண்டு. மெல்லிய ராகி ரொட்டி, நடுவில் தோசைக்கல்லில் சுட்ட ஜிலேபி மீன், மேலே பெங்களூரா மாங்காயும் முட்டைக்கோஸும், கூடவே வேர்க்கடலைக் காரச் சட்னி. மடித்துக் கையில் பிடித்துச் சாப்பிட வேண்டியது. மெக்சிகோவில் டாக்கோ என்று சொல்வார்களே, அதன் அமைப்புதான் இது.

கலப்புச் சமையல் என்ற பெயரில் ஒட்டாத இரண்டைக் கட்டாயப்படுத்தி ஒட்டவைப்பதில் எனக்கு நம்பிக்கை இல்லை. இது அப்படிப்பட்டதல்ல. மிளகாய், தக்காளி, வேர்க்கடலை மூன்றும் அமெரிக்கக் கண்டத்தில் பிறந்து, போர்த்துக்கீசியர் காலத்துக்குப் பிறகு நம் அடுப்புக்கு வந்தவை. மாம்பழம் எதிர்த்திசையில் போனது. 1565 முதல் 1815 வரை மணிலாவுக்கும் அகபுல்கோவுக்கும் இடையே ஸ்பானியக் கப்பல்கள் ஓடின. மெக்சிகோவில் இன்றும் ஒரு மாம்பழ ரகத்துக்கு மணிலா என்றே பெயர். புளியைக் கரைத்துச் சர்க்கரை போட்டு அங்கே தெருவில் குடிக்கிறார்கள். மாங்காய்க் கீற்றில் உப்பும் மிளகாய்த்தூளும் தூவி விற்பது நம் பேருந்து நிலையங்களில் நடப்பது போலவே அங்கும் நடக்கிறது. ராகியோ கிழக்கு ஆப்பிரிக்க மேட்டுநிலத்துத் தானியம். நாம் ஜிலேபி என்று சொல்லும் திலேப்பியாவும் ஆப்பிரிக்க மீன்தான். அதன் மொசாம்பிக் வகை இந்தியாவுக்கு வந்தது 1952இல். எங்கெங்கோ பிறந்து இந்த இரண்டு மாவட்டங்களில் வேர்விட்ட பொருள்களைத்தான் இங்கே சேர்க்கிறோம். மெக்சிகோவிடம் வாங்குவது ரொட்டியை மடிக்கும் வழக்கத்தையும், வெந்ததோடு பச்சைக் காயைச் சேர்க்கும் வழக்கத்தையும் மட்டும்.

செய்முறைக்குள் போகும் முன் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். இந்தச் சாப்பாடு கெட்டுப்போனால் பத்துக்கு ஒன்பது தடவை தண்ணீர்தான் காரணம். மீனில் ஈரம் இருந்தால் கல்லில் ஒட்டும், நிறம் பிடிக்காது. ராகி மாவுக்கான தண்ணீர் கொதிக்காவிட்டால் ரொட்டி வெடிக்கும். மாங்காய்க் கலவையில் உப்பை முன்பே போட்டால் தண்ணீர் விட்டு ரொட்டி ஊறிக் கிழியும். எங்கே தண்ணீர் வேண்டும், எங்கே கூடாது என்பதைப் பிடித்துக்கொண்டால் மசாலா அளவில் கால் தேக்கரண்டி முன்பின் ஆனாலும் ஒன்றும் ஆகாது.

முதலில் மீன். கடற்கரையிலிருந்து நாம் வெகுதூரத்தில் இருக்கிறோம். வஞ்சிரமும் பாறையும் இரவெல்லாம் ஐஸ் பெட்டியில் பயணம் செய்துதான் கிருஷ்ணகிரிக்கோ அரூருக்கோ வருகின்றன. கிருஷ்ணகிரி அணை, பஞ்சப்பள்ளி சின்னாறு அணை, வாணியாறு, நாகாவதி, தொப்பையாறு, ஒகேனக்கல் காவிரி, ஏரிகள், பண்ணைக் குட்டைகள் ஆகியவற்றின் மீன் பிடித்த அன்றே கைக்கு வரும். கட்லா, ரோகு, மிர்கால், கெண்டை, ஜிலேபி என்று வகைக்கும் குறைவில்லை. இந்தச் சாப்பாட்டுக்கு நான் ஜிலேபியைத்தான் சொல்வேன். காரணம் முள். கட்லா, ரோகு, கெண்டை எல்லாவற்றிலும் சதைக்கு நடுவே இரட்டைக் கிளையாகப் பிரியும் நுண்முள் ஓடுகிறது. சோற்றோடு பிசைந்து விரலால் தேடி எடுத்துச் சாப்பிடலாம், ரொட்டிக்குள் மடித்துக் கடிக்க முடியாது. ஜிலேபியில் அந்தக் கிளைமுள் கிடையாது. முதுகுமுள், விலா முள், சதையின் நடுக்கோட்டில் ஒரு சிறு வரிசை, அவ்வளவுதான். மூன்றையும் கத்தியாலேயே அகற்றிவிடலாம்.

இப்போது பண்ணைகளில் பெரும்பாலும் கிஃப்ட் திலேப்பியா என்ற வகையைப் பேசுகிறார்கள். 1988இல் பிலிப்பைன்ஸில் தொடங்கிய திட்டத்தில், வேகமாக வளரும் மீன்களையே தலைமுறை தலைமுறையாகத் தேர்ந்தெடுத்து இனப்பெருக்கம் செய்து உண்டாக்கியது. நாட்டு மாடு, நாட்டு நெல் விஷயத்தில் விவசாயி செய்யும் தேர்வு எதுவோ அதுவேதான், மரபணுவை வெட்டி ஒட்டிய மீன் அல்ல. கிருஷ்ணகிரி மாவட்டம் பாரூரில் மீன்வளப் பல்கலைக்கழகத்தின் மையமே இந்த மீனுக்காக வேலை செய்கிறது. உடல் தடித்து, தலை சிறுத்து இருப்பதால் பழைய கறுப்பு ஜிலேபியைவிட இதில் சதை அதிகம்.

எவ்வளவு வாங்குவது என்பதில்தான் பலரும் ஏமாறுவார்கள். ஜிலேபியில் தலை, முள், தோல், குடல் எல்லாம் போனால் முழு எடையில் மூன்றில் ஒரு பங்குதான் வெறும் சதை. இரண்டு பேருக்கு 300 கிராம் சதை வேண்டுமானால் 900 கிராம் மீன் வாங்க வேண்டும். 450 கிராம் அளவில் இரண்டு மீன் சரியாக இருக்கும். 250 கிராமுக்குக் கீழே உள்ள குட்டி ஜிலேபி இதற்கு வேண்டாம், சீவி எடுக்கும் சதை விரல் தடிமன்கூட வராது, கல்லில் வைத்த நொடியில் காய்ந்துபோகும். கண் பளிச்சென்று மேடாக இருக்கிறதா, செவுள் சிவந்திருக்கிறதா, விரலால் அமுக்கினால் குழி உடனே மேலே எழும்புகிறதா என்று வழக்கம்போலப் பாருங்கள். எந்த ஏரி மீன் என்றும் கேளுங்கள். தென்பெண்ணையில் நுரை பொங்கி வரும் நாட்களில் ஆற்று மீனை விட்டுவிட்டுப் பண்ணைக் குட்டை மீனை வாங்குவது நல்லது.

கடையில் "மீனை வெட்டிக் கொடுங்க" என்று மட்டும் சொன்னால் குழம்புத் துண்டுதான் கிடைக்கும். "அண்ணா, குழம்புக்கு வேணாம். முதுகுமுள்ளை ஒட்டி ரெண்டு பக்கமும் சதையை மட்டும் சீவிக் கொடுங்க. தோலையும் எடுத்துடுங்க. தலையும் முள்ளும் தனியா வேணும்" என்று சொல்ல வேண்டும். கூட்டம் இல்லாத நேரத்தில் கேட்டால் செய்துகொடுப்பார்கள். செய்ய மாட்டேன் என்றால் வீட்டில் செய்வதும் கஷ்டமில்லை. வளையும் மெல்லிய கத்தி வேண்டும். பக்கத் துடுப்புக்குப் பின்னால் தலையை ஒட்டிச் சாய்வாக முள் தட்டும்வரை ஒரு வெட்டு. பிறகு கத்தியைப் படுக்கப் போட்டு, முதுகுமுள் மேல் உரசிக்கொண்டே வால்வரை இழுக்க வேண்டும். கத்தி முள்ளில் உரசும் சத்தம் கேட்டால் சரியாகப் போகிறது என்று அர்த்தம். சத்தம் நின்றால் சதைக்குள் ஏறிவிட்டது. எடுத்த சதையைத் தோல் கீழே இருக்கும்படி வைத்து, வால் முனையில் தோலை உப்புத் தொட்ட விரலால் பிடித்துக்கொண்டு கத்தியைத் தோலுக்கும் சதைக்கும் இடையே தள்ளினால் தோல் உரிந்து வரும். நடுக்கோட்டில் விரலை ஓட்டினால் குத்தும் சின்ன முள் வரிசை தெரியும். அதன் இரண்டு பக்கமும் ஒவ்வொரு வெட்டுப் போட்டு அந்த நூல் அளவுச் சதையோடு சேர்த்து எடுத்துவிடுங்கள். இப்போது ஒவ்வொரு சதையும் முதுகுப் பக்கத் தடித்த துண்டு, வயிற்றுப் பக்க மெல்லிய துண்டு என இரண்டாகப் பிரிந்திருக்கும். இது வசதிதான், இரண்டும் வேகும் நேரம் வேறு வேறு. வயிற்றின் உட்புறம் ஒட்டியிருக்கும் கறுப்புச் சவ்வை விரலால் தேய்த்து முழுசாக எடுங்கள். கசப்பும் வாடையும் அதில் தங்கும்.

அணை மீன் வேண்டாம் என்று சொல்பவர்கள் எல்லோரும் சொல்லும் காரணம் மண் வாடை. அது மனப்பிரமை அல்ல. ஜியோஸ்மின் என்ற பொருள்தான் அந்த வாடை. தண்ணீரில் உள்ள நீலப்பச்சைப் பாசியும் சில நுண்ணுயிர்களும் அதை உண்டாக்குகின்றன, மீன் அதை உறிஞ்சிச் சதையில் சேர்த்துக்கொள்கிறது. கோடை மழையின் முதல் தூறலில் மண்ணிலிருந்து எழும் மணமும் இதே பொருள்தான். அங்கே இனிக்கிறது, தட்டில் கசக்கிறது. புளிப்பு பட்டால் ஜியோஸ்மின் வாடை இல்லாத வேறு பொருளாக மாறிவிடும். ஏரி மீன் குழம்புக்குப் புளியைத் தாராளமாகக் கரைத்த பாட்டிகளின் கைப்பக்குவத்துக்குப் பின்னால் இருப்பது இந்த வேதியியல்தான்.

அதனால் மசாலாவுக்கு முன்னால் ஒரு புளிக் குளியல். சின்ன எலுமிச்சையில் பாதி அளவு, சுமார் 15 கிராம் புளியை 150 மில்லி வெதுவெதுப்பான நீரில் கரைத்து வடிகட்டி, 1 தேக்கரண்டி உப்பு சேர்த்து, மீன் துண்டுகளை அதில் 10 நிமிடம் போட வேண்டும். கிருஷ்ணகிரிப் பக்கத்துக் கொட்டை எடுத்த புதுப் புளி என்றால் புளிப்புச் சுள்ளென்று இருக்கும், 12 கிராமே போதும். 10 நிமிடத்தைத் தாண்ட விடாதீர்கள். அரை மணி நேரம் கிடந்தால் சதையின் வெளிப்பக்கம் வெளுத்து, மாவு போல ஆகிவிடும். கல்லில் வைத்ததும் உதிரும். எடுத்து ஒரே ஒரு தடவை தண்ணீரில் அலசி, சுத்தமான பருத்தித் துணியில் வைத்து மேலேயும் துணியால் ஒற்றி எடுங்கள். துணி ஈரமானால் வேறு துணி. விரலால் தொட்டால் பிசுபிசுக்க வேண்டும், நனையக் கூடாது. நேரம் இருந்தால் மூடாமல் 15 நிமிடம் ஃபிரிட்ஜில் வையுங்கள், மேற்பரப்பு இன்னும் நன்றாக உலரும்.

மீன் புளியில் கிடக்கும்போதே ராகி வேலையைத் தொடங்கலாம். இந்தச் சாப்பாட்டின் கடினமான பகுதி மீன் அல்ல, ரொட்டி.

கோதுமையில் உள்ள பசைப் புரதம் ராகியில் இல்லை. பச்சைத் தண்ணீர் ஊற்றிப் பிசைந்த ராகி மாவு ஈர மணல் போலத்தான் நிற்கும், தட்டினால் ஓரம் வெடிக்கும், மடித்தால் இரண்டாக உடையும். மெக்சிகோவில் மக்காச்சோளத்துக்கும் இதே சிக்கல் இருந்தது. அவர்கள் சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து ஊறவிட்டு, தோல் நீக்கி அரைத்து அந்தச் சிக்கலைத் தீர்த்தார்கள். நாம் கொதிநீரால் தீர்க்கிறோம். மாவுச்சத்து கொதிநீரில் உப்பிக் கூழாகி, புரதம் செய்ய வேண்டிய பசை வேலையைத் தானே செய்கிறது. களிக்கும் கூழுக்கும் நாம் காலம் காலமாகச் செய்வதுதான், இங்கே கொஞ்சம் குறைந்த தண்ணீரில் செய்கிறோம்.

அளவு இது. சலித்த ராகி மாவு 150 கிராம், தண்ணீர் 200 மில்லி, உப்பு கால் தேக்கரண்டி, கடலை எண்ணெய் 1 தேக்கரண்டி. தண்ணீரில் உப்பும் எண்ணெயும் போட்டு, குமிழ் விட்டுத் தளதளவென்று கொதிக்க விடுங்கள். அடுப்பைச் சிறிதாக்கி, மாவை மொத்தமாகக் கொட்டி, கரண்டிக் காம்பால் ஐந்தாறு சுற்றுச் சுற்றி, அடுப்பை அணைத்து மூடிவிடுங்கள். 5 நிமிடம் திறக்க வேண்டாம், அந்தச் சூட்டில்தான் மாவு வேகிறது. பிறகு ஒரு தட்டில் கொட்டி, கையைத் தண்ணீரில் நனைத்து நனைத்து, சூடு பொறுக்கும் அளவிலேயே 3 நிமிடம் அழுத்திப் பிசையுங்கள். ஆறவிட்டுப் பிசைந்தால் கட்டி கரையாது. ஒரு உருண்டையை உள்ளங்கையில் தட்டிப் பாருங்கள். ஓரம் வெடித்தால் 1 மேசைக்கரண்டி வெந்நீர் தெளித்துப் பிசையுங்கள். விரலில் அப்பிக்கொண்டால் ஒரு பிடி மாவு தூவுங்கள். பழைய மாவு தண்ணீர் அதிகம் குடிக்கும், புது அறுவடை ராகி குறைவாகக் குடிக்கும். அதனால் 200 மில்லி என்பதை ஒரு தொடக்கமாக வைத்துக்கொள்ளுங்கள், கைதான் கடைசித் தீர்ப்புச் சொல்லும். மாவு முகர்ந்தால் பழைய எண்ணெய் வாடை அடிக்கிறது என்றால் எந்த முறையும் காப்பாற்றாது. ராகியின் கொழுப்பு அரைத்த பின் கெட்டுக் கசக்கும், ஒரு மாதத்துக்கு மேல் வெளியில் வைத்த மாவைத் தவிர்த்துவிடுங்கள்.

6 உருண்டை வரும், ஒவ்வொன்றும் 55 கிராம் சுமார். சப்பாத்திக் கட்டையில் தேய்க்கப் போனால் ஒட்டி மனம் நொந்துபோவீர்கள். பால் கவரை வெட்டி விரித்துக் கழுவி, இரண்டு தாளாக்கி, உள்பக்கம் ஒரு துளி எண்ணெய் தடவி, நடுவில் உருண்டையை வைத்து, அடி தட்டையான தட்டு ஒன்றால் நேராக அமுக்குங்கள். 14 சென்டிமீட்டர் அகலம், சுமார் 3 மில்லிமீட்டர் தடிமன். வாழை இலைத் துண்டும் நன்றாக வேலை செய்யும். மேல் தாளை எடுத்துவிட்டு, ரொட்டியை உள்ளங்கையில் கவிழ்த்து, கீழ்த் தாளை உரித்து, காய்ந்த கல்லில் போடுங்கள்.

கல் நடுத்தரத்துக்குச் சற்று மேலான தீயில் இருக்க வேண்டும். முதல் பக்கம் 30 விநாடி, ஓரம் லேசாக எழும்பியதும் திருப்பி 1 நிமிடம், மறுபடி திருப்பித் துணியால் ஓரங்களை அமுக்கி இன்னும் அரை நிமிடம். அங்கங்கே கருமைப் புள்ளி விழுந்தால் போதும். தீ சிறியதாக இருந்தால் வேக நேரம் பிடிக்கும், அதற்குள் ஈரம் எல்லாம் வற்றி அப்பளம் போல விறைக்கும். அதனால்தான் ராகி ரொட்டிக்குச் சிறு தீ ஆகாது. எடுத்த ரொட்டிகளை ஒன்றன்மேல் ஒன்றாகத் துணியில் சுற்றி ஹாட் பாக்ஸிலோ மூடிய பாத்திரத்திலோ வையுங்கள். கல்லிலிருந்து எடுத்ததும் மடித்துப் பார்த்து உடைகிறதே என்று கவலைப்படாதீர்கள். அடுக்கில் 5 நிமிடம் தன் ஆவியிலேயே இருந்தால்தான் மடியும் பதம் வரும்.

சட்னிக்கு வருவோம். மீன் டாக்கோவுக்கு வெளியூரில் புளித்த கிரீம் அல்லது மயோனைஸ் சேர்ப்பார்கள். அதற்குப் பதில் தயிர் என்று பல குறிப்புகள் சொல்லும். நம் வீடுகளில் மீனோடு தயிர் சேர்க்க மாட்டார்கள், பெரியவர்கள் இருக்கும் வீட்டில் தட்டையே தொட மாட்டார்கள். அந்தத் தயக்கத்தோடு மல்லுக்கட்டத் தேவையே இல்லை. மெக்சிகோவிலேயே வேர்க்கடலையையும் காய்ந்த மிளகாயையும் அரைத்த காரச் சட்னி உண்டு, நம் வேர்க்கடலைச் சட்னியின் நெருங்கிய உறவு. கடலை 30 கிராம் வறுத்துத் தோல் புடைத்தது, காய்ந்த மிளகாய் 2, பூண்டு 2 பல், நடுத்தரத் தக்காளி 1. தக்காளியைப் பாதியாக்கி, வெட்டிய பக்கம் கீழே இருக்கும்படி கல்லில் வைத்துக் கருகச் சுடுங்கள். பூண்டும் மிளகாயும் அதே கல்லின் ஓரத்தில். சுடும்போது தக்காளியின் தண்ணீர் வற்றி இனிப்புக் கூடும், அதனால் சட்னி வழியாது. உப்பு, 3 மேசைக்கரண்டி தண்ணீர் விட்டு, கரண்டியில் எடுத்தால் மெல்ல நழுவி விழும் பதத்துக்கு அரைத்தால் போதும். பாலக்கோடு, ராயக்கோட்டைச் சந்தைகளுக்கு வரும் தக்காளியில் தோல் தடித்த, உள்ளே சாறு குறைந்த ரகத்தைத் தேர்ந்தெடுங்கள்.

மேலே போடும் பச்சைக் கலவைக்கு பெங்களூரா மாங்காய், சில வீடுகளில் கிளிமூக்கு என்பார்கள். கிருஷ்ணகிரியில் கூழ் ஆலைகளுக்கு லோடு லோடாகப் போவது இதுதான். காயாக இருக்கும்போதே இதன் சதை மொறுமொறுவென்று, அளவான புளிப்போடு இருப்பதால் இந்தச் சாப்பாட்டுக்கு இதைவிடப் பொருத்தமான மாங்காய் இல்லை. நாட்டு மாங்காயின் புளிப்பு மீனை அமுக்கிவிடும். 80 கிராம் மாங்காயைத் தோலோடு தீக்குச்சி அளவில் நறுக்குங்கள், துருவ வேண்டாம், துருவினால் சாறு விடும். முட்டைக்கோஸ் 100 கிராம் முடிந்தவரை மெலிதாகச் சீவி, கால் தேக்கரண்டி உப்புப் பிசறி 5 நிமிடம் விட்டு, கையில் இறுக்கிப் பிழிந்துவிடுங்கள். இது ஒன்றுக்குத்தான் உப்பு முன்பே, தண்ணீரை வேண்டுமென்றே வெளியேற்ற. சின்ன வெங்காயம் 6, பச்சை மிளகாய் 1, கொத்தமல்லி ஒரு கைப்பிடி. எல்லாவற்றையும் கலந்து வைத்து, மாங்காய்க்கான உப்பையும் ஒரு சிட்டிகை மிளகாய்த்தூளையும் தட்டில் வைக்கும்போது மட்டும் சேருங்கள். மாங்காய் இல்லாத மாதங்களில் பிஞ்சு முள்ளங்கியைச் சீவி எலுமிச்சைச் சாறு பிழிந்தால் மொறுமொறுப்பும் புளிப்பும் கிடைக்கும். நெல்லிக்காயும் சிலர் சேர்ப்பார்கள். அதன் துவர்ப்பு ராகியோடு சேர்ந்து நாக்கைப் பிடிக்கிறது, நான் சேர்க்கச் சொல்ல மாட்டேன்.

கடைசியில்தான் மீனைச் சுட வேண்டும். மசாலாவை உலர்ந்த பொடியாகவே வைத்துக்கொள்ளுங்கள். மிளகாய்த்தூள் 1 தேக்கரண்டி, தனியாத்தூள் 1, வறுத்துப் பொடித்த சீரகம் அரை, மஞ்சள்தூள் கால், உப்பு கால், ராகி மாவு 2, அரிசி மாவு 1 தேக்கரண்டி. இஞ்சி பூண்டு விழுது இதில் கிடையாது. விழுதின் ஈரம் மீனை வேகவைக்கும், பூண்டு கருகிக் கசக்கும். பூண்டுதான் சட்னியில் இருக்கிறதே. உலர்ந்த மீன் துண்டுகளைப் பொடியில் புரட்டி, அதிகமானதைத் தட்டி உதிர்த்து, உடனே கல்லுக்குப் போக வேண்டும். புரட்டி வைத்துவிட்டு வேறு வேலைக்குப் போனால் உப்பு நீரை இழுத்துப் பொடி சேறாகிவிடும்.

ரொட்டி சுட்ட அதே இரும்புக் கல்லைத் துடைத்து, மறுபடி காயவிடுங்கள். தண்ணீர்த் துளி விழுந்தால் முத்துப் போல உருண்டு ஓட வேண்டும். அதன் பிறகு கடலை எண்ணெய் 3 தேக்கரண்டி. எண்ணெய் பளபளத்ததும் தடித்த துண்டுகளை முதலில், ஒன்றுக்கொன்று ஒட்டாமல், தோல் இருந்த பக்கம் மேலே இருக்கும்படி வையுங்கள். வைத்தபின் கரண்டியால் தொடக் கூடாது. இரண்டரை நிமிடம். சூடு போதாத கல்லில் மீனின் புரதம் இரும்போடு ஒட்டிக்கொள்கிறது. பொரிந்து ஓடு பிடித்ததும் தானே விடுவித்துக்கொள்ளும். கரண்டி போட்டால் எதிர்க்கிறது என்றால் இன்னும் அரை நிமிடம் பொறுங்கள், சுரண்டாதீர்கள். திருப்பியபின் ஒன்றரை நிமிடம். மெல்லிய வயிற்றுத் துண்டுகளுக்கு முதல் பக்கம் ஒன்றரை, மறுபக்கம் ஒன்று. தடித்த துண்டின் நடுவில் விரலால் லேசாக அமுக்கினால் சதை அடுக்கடுக்காகப் பிரிய வேண்டும், உள்ளே கண்ணாடி போலத் தெரியக் கூடாது. வெப்பமானி வைத்திருப்பவர்களுக்கு 63 டிகிரி செல்சியஸ். ஜிலேபியில் கொழுப்பு மிகக் குறைவு, 100 கிராமுக்கு 2 கிராம்கூட வராது. அதனால் ஒரு நிமிடம் கூடினாலும் நார் நாராகக் காய்ந்துவிடும். ஒரே தடவையில் எல்லாத் துண்டுகளையும் அடைத்தால் கல் ஆறி, தண்ணீர் கசிந்து, மீன் அவிந்துபோகும். இரண்டு தவணையாகச் சுடுங்கள், 5 நிமிடம்தான் கூடுதலாகும்.

நேரத்தை இப்படி ஓட்டலாம். மீனைப் புளியில் போட்டதும் அடுத்த அடுப்பில் ராகிக்குத் தண்ணீர். மாவு மூடிக் கிடக்கும் 5 நிமிடத்தில் முட்டைக்கோஸுக்கு உப்புப் பிசறி, மீனை எடுத்துத் துணியில் ஒற்றிவிடலாம். கல் காயும்போதே தக்காளியும் பூண்டும் அதில் சுடட்டும், பிறகு ரொட்டி, கடைசியாக மீன். சீவிய மீன் கையில் இருந்தால், பழகிய கைக்கு 40 நிமிடம். முதல் தடவை ஒரு மணி நேரம் ஒதுக்கிக்கொள்ளுங்கள்.

சத்துக் கணக்கையும் நேராகச் சொல்லிவிடலாம். ஒருவருக்கு 150 கிராம் மீன் என்றால் புரதம் 30 கிராம் பக்கம் வரும். 75 கிராம் ராகியில் கால்சியம் 250 மில்லிகிராமுக்கு மேல். எண்ணெய், கடலை எல்லாம் சேர்த்தாலும் பொரித்த மீனும் பரோட்டாவும் தரும் கனம் வயிற்றில் வராது. ஆனால் ராகி என்பதாலேயே எத்தனை ரொட்டியும் சாப்பிடலாம் என்று சர்க்கரை நோயாளிகள் நினைக்கக் கூடாது. ராகியிலும் 100 கிராமுக்கு 70 கிராம் அளவில் மாவுச்சத்துதான். மூன்று ரொட்டிக்குப் பதில் இரண்டு, பச்சைக் கலவையை இரட்டிப்பாக்கிக்கொள்ளுங்கள். ஒமேகா 3 கொழுப்புக்காக மீன் சாப்பிடுபவர்கள் வேறொரு நாளில் மத்தியோ அயிலையோ வாங்க வேண்டும், ஜிலேபி அந்தத் தேவைக்கான மீன் அல்ல.

ஓசூர் தொழிற்சாலைக்கோ பள்ளிக்கோ டப்பாவில் கட்டிக்கொண்டு போகிறவர்களுக்கு இரண்டு எச்சரிக்கை. காலை 7 மணிக்குச் சுட்ட மீன் சாதாரண டப்பாவில் ஒரு மணிவரை இருப்பது, அதுவும் ஏப்ரல் மே மாதத்தில், பாதுகாப்பானதல்ல. சூடு தாங்கும் டப்பாவில் முதலில் கொதிநீர் ஊற்றி 5 நிமிடம் வைத்துக் கொட்டிவிட்டு, மீனைக் கல்லிலிருந்து நேராக அதில் போட்டு மூடுங்கள், அல்லது ஆறவைத்து, போன உடனே அங்குள்ள ஃபிரிட்ஜில் வையுங்கள். இரண்டும் முடியாது என்றால் அன்றைக்கு மீன் வேண்டாம், அதே ரொட்டியில் வேகவைத்த முட்டையை வைத்துக்கொள்ளலாம். இரண்டாவது, எதையும் முன்கூட்டி மடித்து வைக்காதீர்கள். ரொட்டி துணியில், மீன் ஒரு டப்பாவில், சட்னியும் பச்சைக் கலவையும் தனித்தனியாக, உப்பும் மிளகாய்த்தூளும் ஒரு காகித மடிப்பில். ராகி ரொட்டி ஆறினால் விறைப்பது இயல்பு. சூடு செய்ய வழி இருந்தால் இரண்டு பக்கமும் தண்ணீர் தெளித்து அரை நிமிடம் காட்டினால் மறுபடி மடியும்.

ஜிலேபி கிடைக்காத நாளில் விரால் மிகப் பொருத்தம். சதை கெட்டி, நுண்முள் தொல்லை இல்லை, விலைதான் கூட. கட்லாவோ ரோகுவோதான் கிடைத்தது என்றால் ரொட்டிக்குள் வைக்கும் திட்டத்தைக் கொஞ்சம் மாற்றுங்கள். துண்டுகளை ஆவியில் 8 நிமிடம் வேகவைத்து, ஆறியதும் விளக்கு வெளிச்சத்தில் பொறுமையாக முள் பொறுக்கி, உதிர்த்த சதையை அதே மசாலாவோடு கல்லில் பிரட்டி, புட்டு போல ரொட்டியில் பரப்புங்கள். குழந்தைகளுக்குக் கொடுக்கும்முன் இரண்டாவது தடவை விரலால் தடவிப் பார்த்துவிடுங்கள்.

தலையும் முள்ளும் மீதி இருக்கின்றன, வாங்கிய மீனில் பாதி எடை அதுதான், காசும் அதில் இருக்கிறது. செவுளை முழுக்கப் பிடுங்கி எறிந்துவிட்டு, மேலே சொன்ன அதே புளி, உப்புத் தண்ணீரில் ஒரு தடவை அலசி, இரவுக்குக் குழம்பு வையுங்கள். மசாலா கொதித்துப் பச்சை வாசனை போனபின் கடைசி 12 நிமிடம் மட்டும் அதைப் போட்டால் போதும். ஜிலேபி முள் மெல்லியது, அரை மணி நேரம் கொதித்தால் கழன்று குழம்பில் கலந்துவிடும், தொண்டையில் மாட்டும். களி கிண்ட அன்றைக்கு நேரம் இல்லை என்றால் மதியம் மிச்சமான ரொட்டி மாவில் ஒரு உருண்டையை வெந்நீர் விட்டுத் தளர்த்தி, அடுப்பில் 4 நிமிடம் கிளறினால் சின்னதாக ஒரு களி உருண்டை வந்துவிடும்.